ஏட்டில் முளைத்த காடு

அரை நூற்றாண்டுக்கு முந்தைய ஓர் அறிவிப்பைக் காட்டி, பாண்டுப் - முலுண்ட் மலையடிவாரத்து வீடுகளை அரசு 'வனம்' என்றது. எட்டு ஆண்டு நீதிமன்றப் போராட்டத்துக்குப் பிறகே அந்த வரி செல்லாது என்று தெரிந்தது.

மும்பையின் வடகிழக்குப் புறநகர்களில் 2006-ஆம் ஆண்டு ஒரு காடு தோன்றியது. மரம் எதுவும் புதிதாக நடப்படவில்லை. விக்ரோலி, பாண்டுப், நாஹூர், முலுண்ட், மலைக்கு மறுபுறம் போரிவலி, காந்திவலி, வடக்கே தாணே என்று பல இடங்களில் நிலப் பதிவேடுகளில் ஒரு வரி சேர்க்கப்பட்டது. 'தனியார் வனம்.' அவ்வளவுதான். அந்த நிலங்களில் பலவற்றில் அப்போது நின்றுகொண்டிருந்தவை லிஃப்டும், தண்ணீர்த் தொட்டியும், வாசலில் செக்யூரிட்டியும் உள்ள அடுக்குமாடிக் கட்டடங்கள். மாநகராட்சி அனுமதி பெற்றவை. சொத்து வரி கட்டுபவை. குடியிருந்தவர்கள் முத்திரைத்தாள் கட்டணம் செலுத்தி, பத்திரம் பதிவு செய்து, வங்கிக் கடன் வாங்கிக் குடியேறியவர்கள்.

'தனியார் வனம்' என்ற பெயர் ஆளை ஏமாற்றும். தனியாருக்குச் சொந்தமான வனம் என்று தோன்றும். மகாராஷ்டிரச் சட்டப்படி அதன் பொருள் நேர் எதிர்: இந்த நிலம் 1975 ஆகஸ்ட் 30 முதல் அரசுக்குச் சொந்தம். அப்படியானால் அதற்குப் பிறகு நடந்த விற்பனை, கட்டுமானம், குடியேற்றம் எல்லாமே செல்லாதவை. கட்டிக்கொண்டிருந்த கட்டடங்களுக்கு வேலையை நிறுத்தச் சொல்லி நோட்டீஸ் போனது. முடிந்த கட்டடங்களில் வீட்டை விற்க நினைத்தவர்களுக்கு வாங்க ஆள் கிடைக்கவில்லை. வங்கிகள் பத்திரத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தன. இடிப்பார்களா, மாட்டார்களா என்ற கேள்வி எட்டு ஆண்டு காலம் தலைக்கு மேல் தொங்கியது.

பாண்டுப் தமிழர்களுக்குப் புதிய ஊரல்ல. தாராவியிலும் மாட்டுங்காவிலும் செம்பூரிலும் கால் ஊன்றிய குடும்பங்களில் பல, பிள்ளைகள் தலையெடுத்ததும் கூடுதலாக ஓர் அறை தேடி சென்ட்ரல் லைனில் வடக்கே நகர்ந்தன. எல்.பி.எஸ். மார்க்கின் தொழிற்சாலைகளில் வேலைக்கு வந்து அங்கேயே தங்கியவர்களும் உண்டு. ஊரில் வீடு நிலம் பற்றி அவர்களுக்குத் தெரிந்த சொற்கள் பட்டா, சிட்டா, அடங்கல், வில்லங்கச் சான்று. மும்பைக்கு வந்தபின் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தவை சாத்பாரா, ஃபேர்ஃபார், பிராபர்ட்டி கார்டு, இண்டெக்ஸ் டூ. சொல் மாறினாலும் சிக்கல் ஒன்றுதான். இந்தக் காகிதங்களில் எது நிலத்தின் சொந்தக்காரரைக் காட்டுகிறது? கறாராகப் பார்த்தால், எதுவும் இல்லை.

சாத்பாரா என்றால் மராத்தியில் ஏழு-பன்னிரண்டு. கிராமக் கணக்கில் ஏழாம் எண் படிவம் நிலத்தில் யாருக்கு என்ன உரிமை என்று சொல்லும். பன்னிரண்டாம் எண் படிவம் என்ன பயிர் என்று சொல்லும். இரண்டையும் ஒரே தாளில் தருவதால் அந்தப் பெயர். நம்மூர் சிட்டாவையும் அடங்கலையும் ஒட்டித் தைத்தது போல என்று வைத்துக்கொள்ளலாம். எழுதுபவர் தலாட்டி, அதாவது அங்குள்ள கிராமக் கணக்குப்பிள்ளை. நிலம் கைமாறினாலோ, வாரிசு சேர்ந்தாலோ, கடன் ஏறினாலோ முதலில் ஆறாம் எண் படிவத்தில் மாற்றப் பதிவு போட வேண்டும். இதுதான் ஃபேர்ஃபார். சம்பந்தப்பட்டவர்களுக்கு நோட்டீஸ் கொடுத்து, ஆட்சேபம் சொல்ல 15 நாள் அவகாசம் விட்டு, பிறகு மேலதிகாரி அதை உறுதி செய்ய வேண்டும். அதன் பின்னரே அது சாத்பாராவில் ஏறும். ஒவ்வொரு சாத்பாராவிலும் வட்டம் போட்ட சின்னச் சின்ன எண்கள் இருக்கும். அவை அந்த மாற்றப் பதிவுகளின் எண்கள். நிலத்தின் ஜாதகம் அங்கேதான் இருக்கிறது. அலங்காரம் என்று நினைத்து அதைப் பார்க்காமல் விடுபவர்களே அதிகம்.

1966-ஆம் ஆண்டு மகாராஷ்டிர நில வருவாய்ச் சட்டத்தின் 157-ஆவது பிரிவு, இந்தப் பதிவுகள் தவறென்று நிரூபிக்கப்படும் வரை சரியானவை என்றே கொள்ள வேண்டும் என்கிறது. உச்சநீதிமன்றம் 1996-லும் 1997-லும் வேறு மாநிலங்களிலிருந்து வந்த வழக்குகளில் இன்னொரு பக்கத்தைத் தெளிவாக்கியது: வருவாய்ப் பதிவில் பெயர் மாறியதால் ஒருவருக்கு உரிமை பிறக்காது, மாறாததால் இறக்கவும் செய்யாது. யாரிடம் வரி வசூலிப்பது என்று அரசு தெரிந்துகொள்ளவே அந்தக் கணக்கு. பத்திரப் பதிவு அலுவலகம் தரும் சான்றும் ஒரு பத்திரம் பதிவானது என்பதற்குத்தான் சான்று. விற்றவருக்கு விற்கும் உரிமை இருந்ததா என்று பதிவாளர் பார்ப்பதில்லை. 1858-ல் தெற்கு ஆஸ்திரேலியா கொண்டு வந்த 'டாரன்ஸ்' முறையில் பதிவேட்டில் உள்ள பெயருக்கு அரசே உத்தரவாதம். இந்தியாவில் அப்படி இல்லை. இங்கே நிலத்தின் சொந்தக்காரர் என்பவர், அதைவிட நல்ல காகிதத்தோடு வேறொருவர் வரும் வரை சொந்தக்காரர்.

பாண்டுப் பக்கத்தில் அந்த 'வேறொருவர்' அரசாங்கமாக இருந்தது.

இந்தப் பகுதியின் நில வரலாறு கிழக்கிந்தியக் கம்பெனி காலத்துக்குப் போகிறது. மும்பைத் தீவுக்கு வடக்கே உள்ள சால்செட் பகுதியில் கம்பெனி பெரிய பெரிய கிராமங்களைச் செல்வந்தர்களுக்கு எழுதிக் கொடுத்தது. (அந்தக் காலத்தில் பாண்டுப் ஒதுக்குப்புறம் அல்ல. பம்பாய் அரசின் தலைமைப் பொறியாளர் ஜார்ஜ் கிளார்க்குக்குப் பம்பாயிலிருந்து மலைத்தொடரைத் தாண்டி ரயில் விடலாம் என்ற எண்ணம் தோன்றியதே 1843-ல் பாண்டுப்புக்கு வந்தபோதுதான். பத்தாண்டு கழித்து 1853 ஏப்ரல் 16-ல் தாணேவுக்கு ஓடிய முதல் ரயில் இந்த ஊர் வழியாகத்தான் சென்றது.)

பாண்டுப்பிலிருந்து தெற்கே இரண்டாவது ரயில் நிலையம் விக்ரோலி. அந்தக் கிராமத்தை 1835 ஜூலை 7-ஆம் தேதியிட்ட கவுல் மூலம் பார்சி வணிகர் ஃப்ராம்ஜி காவஸ்ஜி பானாஜிக்குக் கம்பெனி நிரந்தரக் குத்தகைக்குக் கொடுத்தது. தரிசு நிலமும் அதில் அடக்கம். 1948 ஜூலை 30-ல் அவருடைய வழிவந்தவரிடமிருந்து கோத்ரெஜ் அண்ட் பாய்ஸ் நிறுவனம் பதிவு செய்த பத்திரத்தின் மூலம் நிலத்தை வாங்கியது. பிற்பாடு மலையடிவாரம் முழுவதற்கும் பேசிய வழக்கு இந்த நிறுவனத்தின் பெயரால்தான் அறியப்படுகிறது. அதன் தேதிகளை வரிசையாகப் பார்த்தால் அரசாங்கம் எப்படி நடந்துகொண்டது என்று வக்கீல் இல்லாமலே புரியும்.

1951-ல் சால்செட் எஸ்டேட்டுகளுக்கு இருந்த நிலவரி விலக்கை ஒழிக்கும் சட்டம் வந்தது. அதை வைத்து, விக்ரோலியின் தரிசு நிலங்கள் தன்னுடையவை என்று அரசு உரிமை கொண்டாட, 1953-ல் அது பம்பாய் உயர்நீதிமன்றத்தில் வழக்கானது. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே, 1956 செப்டம்பர் 6-ஆம் தேதி அரசிதழில் ஓர் அறிவிப்பு வெளியானது. 1927-ஆம் ஆண்டு இந்திய வனச் சட்டம் 35(3) பிரிவின் கீழ், விக்ரோலியின் சில சர்வே எண்களில் 133 ஏக்கர் 38 குண்டா நிலத்தைப் பற்றிய அறிவிப்பு அது. (ஒரு குண்டா என்பது நம் கணக்கில் இரண்டரை சென்ட்.) பிறகு 1962 ஜனவரி 8-ல் அந்த உரிமை வழக்கு சமரசத் தீர்ப்பில் முடிந்தது. 31 ஏக்கர் 4 குண்டா தவிர மற்றதெல்லாம் நிறுவனத்துக்குச் சொந்தம் என்று அரசே ஒப்புக்கொண்டது. அந்த 133 ஏக்கரும் இந்த 'மற்றதெல்லாம்' என்பதில் அடங்கும். 1967-ல் வந்த நகர வளர்ச்சித் திட்டம் இதைக் குடியிருப்புப் பகுதி என்றது. 1976-ல் நகர்ப்புற நில உச்சவரம்புச் சட்டம் வந்தபோது வீடு கட்டுவதற்காக விலக்கு கேட்கப்பட்டு, கொடுக்கவும் பட்டது. கட்டட அனுமதிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன.

இடையில், 1975-ல், மகாராஷ்டிர தனியார் வனங்கள் கையகப்படுத்தும் சட்டம் நிறைவேறியது. தனியார் வனங்கள் எல்லாம் அந்த ஆண்டு ஆகஸ்ட் 30 முதல் அரசுடைமை. எது தனியார் வனம் என்று விளக்கும் பிரிவில் ஒரு சின்ன உட்பிரிவு: வனச் சட்டம் 35(3)-ன் கீழ் நோட்டீஸ் 'வழங்கப்பட்ட' நிலமும் தனியார் வனமே. வினை வந்தது இந்த ஒரு சொல்லில்.

35-ஆவது பிரிவு உண்மையில் சொல்வது என்ன? தனியார் நிலத்தில் உள்ள காட்டை அழிக்கக் கூடாது என்று அரசு கட்டுப்பாடு விதிக்கலாம். அதற்கு முன்பு உரிமையாளருக்கு நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அவருடைய ஆட்சேபத்தைக் கேட்க வேண்டும். பிறகே இறுதி அறிவிக்கை. அதாவது 35(3) நோட்டீஸ் என்பது பேச்சின் தொடக்கம். விக்ரோலியில் 1956-க்குப் பிறகு பேச்சு நகரவே இல்லை. இறுதி அறிவிக்கை வரவில்லை. 1975-ல் சட்டம் வந்த பிறகும் நிலத்தை அரசு எடுத்துக்கொள்ளவில்லை. முலுண்டிலும் தாணேயிலும் வேறு பல இடங்களிலும் இதே போன்ற பழைய நோட்டீஸ்கள் கோப்புகளில் உறங்கின. மேலே நகரம் வளர்ந்தது.

எழுப்பிவிட்டது ஒரு பொதுநல வழக்கு. மும்பை சுற்றுச்சூழல் செயற்குழு 2002-ல் உயர்நீதிமன்றத்தை அணுகியது: தனியார் வனங்கள் அரசுடைமை ஆகிக் கால் நூற்றாண்டு கடந்தும் நிலப் பதிவேடுகளில் அவை ஏறவில்லை, பதிவேடு சும்மா இருப்பதால் காடு கைமாறிக்கொண்டே போகிறது. இந்தக் குறையில் நியாயம் இல்லாமல் இல்லை. சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவின் ஓரங்கள் எப்படிக் கரைந்தன என்பதைப் பாண்டுப்வாசிகள் கண்ணாலேயே பார்த்திருக்கிறார்கள். 2005-ல் நீதிமன்றம் பதிவேடுகளைச் சரிசெய்ய நாள் குறித்தது. முப்பது ஆண்டு தூங்கிய அரசு இயந்திரம் இப்போது ஒரேயடியாக விழித்தது. பழைய நோட்டீஸ் பட்டியலை எடுத்து வைத்துக்கொண்டு, அந்த நிலத்தில் இப்போது என்ன இருக்கிறது என்று பார்க்காமல், 2006-ல் ஃபேர்ஃபார் போட்டுத் தள்ளியது. மலை மீதுள்ள நிஜக் காடும், ஏழு மாடிக் கட்டடமும் ஒரே பட்டியலில் வந்தது இப்படித்தான்.

நிறுவனமும் பில்டர்களும் குடியிருப்போரும் உயர்நீதிமன்றத்துக்குப் போனார்கள். 2008 மார்ச் 24-ல் தீர்ப்பு அவர்களுக்கு எதிராக வந்தது. நீதிபதிகளின் கை ஒரு வகையில் கட்டப்பட்டிருந்தது. 2000-ஆம் ஆண்டு சிந்தாமணி கஜானன் வேல்கர் வழக்கில் உச்சநீதிமன்றமே, 35(3) நோட்டீஸ் வழங்கப்பட்டிருந்தாலே போதும், நிலம் வனமாகிவிடும் என்று சொல்லியிருந்தது. நோட்டீஸ் இருக்கிறதா? இருக்கிறது. எனவே காடு.

அந்தத் தீர்ப்பு வந்த நாள் முதல் மலையடிவாரக் குடும்பங்களுக்குத் தூக்கம் போனது. ஓய்வுபெற்றபோது வந்த பி.எஃப். பணம், ஊரில் விற்ற நிலத்தின் பணம், இருபது ஆண்டு தவணைக் கடன் எல்லாம் போட்டு வாங்கிய வீடு அரசு நிலத்தில் உள்ள ஆக்கிரமிப்பு என்றாகிவிட்டது. அவர்கள் என்ன தப்பு செய்தார்கள்? வீடு வாங்கும்போது வக்கீல் வைத்துப் பார்க்கவில்லையா? பார்த்தார்கள். வழக்கமாக வக்கீல்கள் பதிவு அலுவலகத்தில் முப்பது ஆண்டுக்கு வில்லங்கம் பார்ப்பார்கள். 1956 அறிவிப்பு அந்த முப்பது ஆண்டுக்குள் வராது. வந்தாலும் அது இருந்த இடம் பழைய அரசிதழ். பதிவாளர் புத்தகத்தில் அல்ல. சாத்பாராவில் வந்ததோ 2006-ல். அதற்கு முன்பு வாங்கியவர் எங்கே தேடினாலும் கிடைத்திருக்காத ஒரு வில்லங்கம் இது.

மேல்முறையீடு உச்சநீதிமன்றத்துக்குச் சென்றது. மரம் பற்றிய சட்டமும் நிலம் பற்றிய சட்டமும் அங்கே கைகோத்துக்கொண்டன. நீதிமன்றம் அமைத்திருந்த மத்திய அதிகாரக் குழு 2009-ல், பணம் கட்டினால் இந்தக் கட்டடங்களை வரன்முறைப்படுத்தலாம் என்று ஒரு வழி சொன்னது. சொந்த வீட்டுக்கு இரண்டாம் முறை விலை கொடுக்கும் யோசனை குடியிருப்போருக்கு இனிக்கவில்லை. நீதிமன்றமும் கடைசியில் சட்டக் கேள்வியையே எடுத்துக்கொண்டது.

2014 ஜனவரி 30. நீதிபதிகள் ஆர்.எம்.லோதா, மதன் பி.லோகுர், குரியன் ஜோசப் அடங்கிய அமர்வு தீர்ப்பு சொன்னது, எழுதியவர் லோகுர். முதல் கேள்வி: நோட்டீஸ் வெறுமனே வெளியிடப்பட்டாலே நிலம் தனியார் வனம் ஆகிவிடுமா? ஆகாது. 'வழங்கப்பட்டது' என்பதை அகராதியை வைத்துக்கொண்டு படிக்கக் கூடாது. ஆட்சேபம் சொல்லவே அந்த நோட்டீஸ் என்றால், அது உரியவரின் கையில் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். சேராத நோட்டீஸுக்கு யார் பதில் சொல்ல முடியும்? இன்னொன்று, நோட்டீஸுக்கு உயிர் இருக்க வேண்டும். 1975-ல் சட்டம் வந்தபோது நடவடிக்கை பாதி வழியில் இருந்தவற்றைத்தான் அந்த உட்பிரிவு குறிக்கிறது. இருபது ஆண்டு கிடப்பில் கிடந்ததை எடுத்துத் தூசி தட்டிக் காட்ட முடியாது. சிந்தாமணி வேல்கர் தீர்ப்பு தவறானது என்று அது ரத்து செய்யப்பட்டது. உயர்நீதிமன்றத் தீர்ப்பும் ரத்து.

அடுத்த கேள்வியைத்தான் குடியிருப்போர் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார்கள். ஒரு பேச்சுக்கு, இது வன நிலமே என்று வைத்துக்கொண்டாலும், அரை நூற்றாண்டில் எழும்பிய கட்டடங்களை அரசு இடிக்கலாமா? முடியாது என்றது நீதிமன்றம். அனுமதி மேல் அனுமதி கொடுத்துவிட்டு, வாங்கியவர்கள்தான் விழிப்பாக இருந்திருக்க வேண்டும் என்று அரசுத் தரப்பு சொன்ன வாதம் எடுபடவில்லை. அரசின் துறைகளே ஒப்புதல் கொடுத்த இடத்தில் சாமானியர் சந்தேகப்பட என்ன காரணம் இருந்தது?

இந்த வெற்றியைக் கொண்டாடும்போது அதே மலையின் இன்னொரு கதையை மறக்க முடியாது. பாண்டுப் மேற்கில் ரயிலடியிலிருந்து மலை நோக்கி நடந்தால் சோனாப்பூர், டெம்பிபாடா, துள்ஷேத்பாடா, கிண்டிபாடா என்று வீடுகள் நெருக்கிக்கொண்டு மேலே ஏறும். தேசியப் பூங்காவின் எல்லையில் இருந்த குடிசைகளைப் பற்றி அதே சுற்றுச்சூழல் அமைப்பு 1995-ல் வழக்குப் போட்டது. 1997 மே மாதம் உயர்நீதிமன்றம் ஆக்கிரமிப்புகளை அகற்ற உத்தரவிட்டது. 1995 ஜனவரி 1-ல் வாக்காளர் பட்டியலில் பெயர் இருந்தவர்களுக்கு மட்டும், பணம் கட்டினால் மாற்று இடம். அடுத்த சில ஆண்டுகளில் பூங்கா ஓரத்தில் பல்லாயிரம் குடிசைகள் இடிந்தன. அங்கே யாரும் கவுல் காட்டவில்லை, சமரசத் தீர்ப்பு காட்டவில்லை. அவர்களிடம் இருந்தது ரேஷன் கார்டு, போட்டோ பாஸ், மின் கட்டண ரசீது. இவை ஒருவர் எப்போதிலிருந்து அங்கே இருக்கிறார் என்பதற்குச் சாட்சி. நிலம் யாருடையது என்ற கேள்விக்கு அவை வாய் திறப்பதில்லை. அடுக்குமாடிக்காரர் எட்டு ஆண்டு கவலையோடு வீட்டுக்குள் இருந்து வழக்கு நடத்தினார். குடிசைக்காரர் வீடு போன பிறகு மாற்று இடத்துக்கு வரிசையில் நின்றார். இரண்டு வழக்குகளின் சட்டமும் வேறுதான். ஆனால் கையில் இருந்த காகிதத்தின் தரம்தான் இரண்டு முடிவையும் தீர்மானித்தது என்பதை மறைக்க முடியாது.

இன்றும் இந்தப் பக்கத்தில் குடிசைகளும் சால் அறைகளும் நோட்டரி முத்திரை போட்ட தாளிலும் பவர் ஆஃப் அட்டர்னியிலும் கைமாறுகின்றன. ஊரிலிருந்து வரும் மச்சானுக்கோ தம்பிக்கோ அறை பிடித்துக் கொடுக்கும்போது 'எல்லாரும் இப்படித்தான் வாங்குகிறார்கள்' என்று சொல்வது வழக்கம். பவர் பத்திரமும் விற்பனை ஒப்பந்தமும் நிலத்தில் உரிமையைக் கொடுக்காது என்று 2011 அக்டோபரில் சூரஜ் லாம்ப் வழக்கில் உச்சநீதிமன்றம் தீர்த்துச் சொல்லிவிட்டது.

தீர்ப்பு கையில் இருந்தாலே போதுமா என்றால், அதுவும் சில சமயம் வெறும் காகிதம்தான். பாண்டுப்புக்கு அடுத்த நிலையமான கஞ்சூர்மார்க்கில் 2020-ல் நடந்தது இதற்கு உதாரணம். அங்குள்ள உப்பள நிலத்தில் 102 ஏக்கரை மெட்ரோ பணிமனைக்காக மாநில அரசு ஒதுக்கியது. உப்பளம் தன்னுடையது என்று மத்திய அரசு வந்தது. தனியாரும் உரிமை கோரினார்கள். 2020 டிசம்பர் 16-ல் உயர்நீதிமன்றம் தடை போட்டது. இதற்கிடையே, அதே ஆண்டு அக்டோபரில், ஒரு தனியார் நிறுவனம் கஞ்சூர் கிராமத்தில் 6,000 ஏக்கருக்கும் மேற்பட்ட நிலத்துக்குச் சமரசத் தீர்ப்பு வாங்கியிருந்தது தெரியவந்தது! கிட்டத்தட்ட ஒரு கிராமம் முழுவதும். சமரசத் தீர்ப்பில் நீதிமன்றம் சாட்சி விசாரிப்பதில்லை. இரு தரப்பும் ஒத்துப்போய் எழுதிக் கொடுத்ததற்கு முத்திரை வைக்கிறது. உண்மையில் யாருக்கு அந்த நிலத்தில் அக்கறை உண்டோ அவர்கள் வெளியே நின்றால், உள்ளே இருப்பவர்கள் எதையும் பங்கு போட்டுக்கொள்ளலாம். மத்திய, மாநில அரசுகள் ஆட்சேபிக்க, உண்மைகளை மறைத்துப் பெறப்பட்டது என்று 2022 ஜூனில் அந்தத் தீர்ப்பை உயர்நீதிமன்றமே ரத்து செய்தது. அரசாங்கத்தின் நிலத்துக்கே இந்தக் கதி என்றால், கால் ஏக்கர் வைத்திருப்பவர் தன் சாத்பாராவை ஆண்டுக்கு ஒரு முறையாவது எடுத்துப் பார்ப்பது நல்லது.

பார்க்கையில் தவறு தென்பட்டால் எங்கே போவது? பலர் ஓடுவது நேரே நீதிமன்றத்துக்கு. சில சமயம் அது தப்பான வாசல். எழுத்துப் பிழை, பரப்பளவு பிழை என்றால் தாசில்தாரிடமே திருத்தலாம். தவறான ஃபேர்ஃபார் என்றால் வருவாய்க் கோட்ட அதிகாரியிடம் மேல்முறையீடு. அதற்கு 60 நாள் அவகாசம். அடுத்து கலெக்டர், அதற்கு மேல் என்று படி ஏற வேண்டும். 'இது தனியார் வனமா இல்லையா' என்பது மட்டுமே கேள்வி என்றால், 1975 சட்டத்தின் ஆறாவது பிரிவு கலெக்டர் விசாரிக்க வேண்டும் என்கிறது. ஆனால் இவர்களில் யாரும் நிலம் யாருடையது என்று முடிவு கட்ட முடியாது. அது சிவில் நீதிமன்றத்தின் வேலை. உரிமைப் பிரகடனம் கேட்கும் வழக்கை, உரிமை மறுக்கப்பட்டதிலிருந்து மூன்று ஆண்டுக்குள் போட வேண்டும். உரிமையை வைத்து நிலத்தை மீட்கும் வழக்குக்குப் பன்னிரண்டு ஆண்டு. தலாட்டி அலுவலகத்துக்கும் தாசில்தார் அலுவலகத்துக்கும் நடந்தே மூன்று ஆண்டைத் தொலைத்துவிட்டு, பிறகு வக்கீலிடம் வருபவர்கள் ஏராளம். சட்டம் கொடுக்கும் அவகாசம் அந்த நடைக்காகக் காத்திருப்பதில்லை.

அடுக்குமாடிவாசிகளுக்கு இன்னொரு பாடமும் உண்டு. வீடு அவர்கள் பெயரில் இருந்தாலும், கட்டடம் நிற்கும் நிலம் பிராபர்ட்டி கார்டில் பல இடங்களில் இன்னும் பில்டர் பெயரிலோ பழைய நிலக்காரர் பெயரிலோதான் இருக்கிறது. 2008-ல் மகாராஷ்டிரச் சட்டம் திருத்தப்பட்டு, பில்டர் கையெழுத்துப் போட மறுத்தாலும் சொசைட்டியின் பெயருக்கு நிலத்தை மாற்ற வழி செய்யப்பட்டது. பதிவேட்டில் சொசைட்டியின் பெயர் இருந்தால், நாளை எந்த நோட்டீஸும் நேரே சொசைட்டிக்கு வரும். இல்லையென்றால் எப்போதோ கடையைக் கட்டிய பில்டரின் பழைய முகவரிக்குப் போகும்.

2014 தீர்ப்போடு எல்லாம் அடங்கியிருக்க வேண்டும். அடங்கவில்லை. நீதிமன்றத் தீர்ப்பு தானாகச் சாத்பாராவில் ஏறுவதில்லை. தீர்ப்பின் சான்றிட்ட நகலை வைத்து இன்னொரு ஃபேர்ஃபார் போட்டால்தான் பழைய வரி அடிபடும். போதாக்குறைக்கு, 35(3) நோட்டீஸை வைத்து இதேபோல் வனம் என்று எழுதப்பட்ட வேறு பல நிலங்களின் உரிமையாளர்கள் போட்ட வழக்குகளை, தங்கள் நிலைமை வேறு என்று கூறி 2018 செப்டம்பரில் பம்பாய் உயர்நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அவர்களும் டில்லிக்குப் போனார்கள். 2025 நவம்பரில் நீதிபதிகள் விக்ரம் நாத், பி.பி.வராலே அமர்வு அந்தத் தீர்ப்பை ரத்து செய்து, 2014-ல் சொன்னதையே திரும்பச் சொன்னது: நோட்டீஸ் உரியவரிடம் போய்ச் சேர்ந்ததற்கு ஆதாரம் இல்லை, நிலத்தை அரசு எடுத்துக்கொண்டதற்கும் ஆதாரம் இல்லை, எனவே அந்தப் பதிவுகள் நிற்காது. 1950-களிலும் 60-களிலும் புறப்பட்ட தபால்கள் போய்ச் சேர்ந்தனவா என்ற விசாரணை அப்படி 2025 வரை நடந்தது. வரியை அடிக்க வேண்டியவர் இப்போதும் தலாட்டிதான்.